மலைக்கு அந்தப் பக்கம் யார்?

அன்புள்ள வாசகிக்கு, வணக்கம்.

மற்றவர்களுக்கும் புரிய வேண்டும் என்பதால் உங்கள் கடிதத்தை முதலில் சுருக்கிச் சொல்லிவிடுகிறேன். கத்தோலிக்கத் திருச்சபையின் வரலாறு ஒன்றை ஆங்கிலத்திலிருந்து தமிழாக்கிக்கொண்டிருக்கிறீர்கள். அதில் 'அல்ட்ராமான்டேன்' என்ற சொல் மூன்று இடங்களில் வருகிறது. 1378-இல் போப் தேர்தல் நடந்தபோது ரோம் மக்கள் அல்ட்ராமான்டேன் போப் வந்துவிடக் கூடாது என்று கூச்சலிட்டார்கள் என்கிறது ஓர் அத்தியாயம். 1870-க்கு முன்பு பிரான்சில் அல்ட்ராமான்டேன் பத்திரிகைகள் போப்பின் கையை ஓங்கச் செய்தன என்கிறது இன்னொன்று. மூன்றாவதில் கனடாவின் மான்ட்ரியல் ஆயர் (பிஷப்) ஒருவர் அல்ட்ராமான்டேன் என்ற அடைமொழியோடு வருகிறார். நீங்கள் அகராதியைப் பார்த்து மூன்று இடத்திலும் 'தீவிரப் போப் ஆதரவாளர்' என்று போட்டுவிட்டீர்கள். பிறகு படித்துப் பார்த்தால், முதல் அத்தியாயத்தில் போப்பை ஆதரிப்பவர் போப் ஆகக் கூடாது என்று ரோம் மக்களே கத்துவதாக வந்து நிற்கிறது. 'நூலாசிரியர் தவறா, அகராதி தவறா, நான்தான் தவறா?' என்று கேட்கிறீர்கள்.

பெரிய தவறு யார்மீதும் இல்லை. அந்தச் சொல்லே அப்படிப்பட்டது. நானும் ஒருமுறை அதில் வழுக்கி விழுந்தவன்தான். தொழிலுக்கு வந்த புதிதில் 'அல்ட்ராமான்டேன் கட்சி' என்பதை 'மலைநாட்டுக் கட்சி' என்று எழுதினேன். மெய்ப்புப் பார்த்தவரும் விட்டுவிட்டார், அச்சாகிவிட்டது. ஓய்வுபெற்ற குருவானவர் ஒருவர் அஞ்சலட்டையில் ஒரே வரி எழுதியிருந்தார்: 'எந்த மலை ஐயா?'

அந்தக் கேள்விதான் சாவி. அதோடு இன்னொன்றும் கேட்க வேண்டும்: பேசுகிறவர் மலைக்கு எந்தப் பக்கம் நிற்கிறார்?

முதலில் ஒரு சின்னத் திருத்தம். 'தீவிர' என்று நீங்கள் சேர்த்ததற்குக் காரணம் 'அல்ட்ரா' என்ற முன்னொட்டு. இன்றைய ஆங்கிலத்தில் அது 'மிகையான', 'அதிதீவிர' என்ற பொருளில் புழங்குவதால் கை தானாக அங்கே போகிறது. லத்தீனில் அதன் பொருள் 'அப்பால்', அவ்வளவுதான். 'மான்ட்' என்பது மலை. நம் அறிவியல் பாடநூல்காரர்கள் இதைச் சரியாகப் பிடித்தார்கள்: அல்ட்ராவயலட்டை 'தீவிர ஊதா' என்று எழுதாமல் 'புற ஊதா' என்றார்கள். ஊதாவுக்கு அப்புறம் உள்ளது. அல்ட்ராமரைன் என்ற நீலச் சாயத்துக்கும் அதே கதை. ஆப்கானிஸ்தானத்துக் கல்லிலிருந்து எடுத்து, கடல் தாண்டி ஐரோப்பாவுக்கு வந்ததால் 'கடலுக்கு அப்பாலிருந்து வந்தது'. ஆகவே அல்ட்ராமான்டேன் என்றால் மலைக்கு அப்பாலுள்ளவர். மலை, ஆல்ப்ஸ். அந்த ஆளிடம் தீவிரம் இருக்கலாம், இல்லாமலும் போகலாம், சொல்லில் இல்லை.

கம்பத்துக்காரர் 'மலைக்கு அந்தப் பக்கம்' என்றால் கேரளம். குமுளிக்கு ஏறிப்போய் அதையே சொன்னால் தமிழ்நாடு. இந்தச் சொல்லும் அப்படித்தான். இத்தாலிக்காரர் வாயில் அது வடக்கே உள்ள பிரெஞ்சுக்காரரையும் ஜெர்மானியரையும் குறித்தது. பிரெஞ்சுக்காரர் வாயில் அது தெற்கே உள்ள ரோமைக் குறித்தது. உங்கள் முதல் அத்தியாயம் தெற்கே நின்று பேசுகிறது, இரண்டாவது வடக்கே நின்று பேசுகிறது.

வரலாற்றில் முந்தியது தெற்குப் பார்வைதான். இடைக்காலப் பொலோனியா பல்கலைக்கழகத்தில் சட்டம் படிக்க வந்த மாணவர்கள் இரண்டு அணிகளாகச் சேர்ந்திருந்தார்கள். இத்தாலியர் அணிக்கு 'மலைக்கு இப்புறத்தார்', வெளியிலிருந்து வந்தவர்களின் அணிக்கு 'மலைக்கு அப்புறத்தார்' என்று பெயர். திட்டும் இல்லை, கொள்கையும் இல்லை, ஊர் அடையாளம். பிரான்சிஸ்கன் துறவிகளும் 15-ஆம் நூற்றாண்டில் தங்கள் சபையின் ஒரு கிளையை இதே இரண்டு பெயர்களில் பிரித்துக்கொண்டார்கள். இத்தாலியில் வடக்கிலிருந்து வீசும் குளிர்காற்றுக்கு 'டிரமொன்டானா' என்று பெயர். அதுவும் மலை தாண்டி வருவதுதான்.

இனி உங்கள் 1378. அந்த ஆண்டின் கலவரத்தைக் கொஞ்சம் விரித்துச் சொல்ல வேண்டும், இல்லாவிட்டால் அந்தக் கூச்சல் புரியாது. 1309 முதல் போப்புகள் ரோமில் இல்லை. பிரான்சின் தெற்கே ஆவிஞ்ஞோனில் இருந்தார்கள். அடுத்தடுத்து ஏழு பேர், ஏழு பேரும் பிரெஞ்சுக்காரர்கள். போப் இல்லாத ரோமில் வருமானம் இல்லை, திருப்பயணிகள் கூட்டம் குறைந்தது, கட்டடங்கள் இடிந்தன. கடைசியில் பதினோராம் கிரகோரி 1377-இல் ரோமுக்குத் திரும்பி, அடுத்த ஆண்டு மார்ச்சில் இறந்துபோனார். அடுத்தவரைத் தேர்ந்தெடுக்கக் கூடிய 16 கர்தினால்களில் இத்தாலியர் நால்வர்தான். பதினொருவர் பிரெஞ்சுக்காரர், ஒருவர் ஸ்பெயின் தேசத்தவர். மறுபடியும் ஒரு பிரெஞ்சுக்காரர் போப் ஆனால் மறுபடியும் ஆவிஞ்ஞோன்தானே என்ற பயத்தில் ரோம் மக்கள் தெருவில் இறங்கினார்கள். ரோமர் வேண்டும், இல்லாவிட்டால் இத்தாலியராவது வேண்டும் என்பது கோரிக்கை. கூட்டம் கர்தினால்கள் இருந்த மாளிகைக்குள்ளேயே புகுந்துவிட்டது. தேர்ந்தெடுக்கப்பட்டவர் பாரி நகரின் பேராயர், ஆறாம் உர்பான். சில மாதங்களிலேயே பிரெஞ்சுக் கர்தினால்கள் 'மிரட்டலுக்குப் பயந்து போட்ட ஓட்டு செல்லாது' என்று வெளியேறி, ஃபோன்டி என்ற ஊரில் வேறொரு போப்பைத் தேர்ந்தெடுத்தார்கள். இரண்டு போப்புகள், பிறகு மூன்று போப்புகள் என்று அந்தப் பிளவு 1417 வரை இழுத்தது.

அந்தக் கூட்டத்துக்கு அல்ட்ராமான்டேன் என்றால் 'மலை தாண்டி வந்தவன்', நம் பேச்சில் 'வெளியூர்க்காரன்'. ஆகவே அங்கே 'ஆல்ப்சுக்கு வடக்கேயிருந்து ஒருவர் போப்பாக வந்துவிடக் கூடாது' என்று எழுதுங்கள். மலை அங்கே நிஜ மலை, வாக்கியத்தில் இருக்கட்டும்.

(இந்தப் பொருளை வைத்துப் பார்த்தால், 1522-இல் உட்ரெக்ட் ஊர்க்காரரான ஆறாம் ஏட்ரியன் தேர்ந்தெடுக்கப்பட்ட பிறகு, அடுத்த 'மலைக்கு அப்பாலானவர்' 1978-இல் வந்த போலந்துக்காரர் இரண்டாம் ஜான் பால்தான். இடையில் 455 ஆண்டுகள் இத்தாலியர்களே. அவருக்குப் பின் வந்த பெனடிக்ட் ஜெர்மானியர். அர்ஜென்டினாவின் பிரான்சிசுக்கும் அமெரிக்காவின் பதினான்காம் லியோவுக்கும் மலை போதாது. 'கடலுக்கு அப்பாலானவர்' என்றுதான் சொல்ல வேண்டும்.)

சரி, வடக்குப் பார்வைக்கு வருவோம். சொல் புரண்டுகொண்டது இங்கேதான்.

பிரான்சின் அரசர்களும் ஆயர்களில் பலரும் வெகுகாலமாக ஒரு நிலைப்பாடு வைத்திருந்தார்கள்: ரோம் தலைமைதான், ஆனால் பிரெஞ்சுத் திருச்சபைக்குத் தனக்கென்று உரிமைகள் உண்டு. இதற்கு 'கல்லிக்கனியம்' என்று பெயர். பதினான்காம் லூயி காலத்தில், 1682-இல், ஆயர் பொசுயே எழுதிக்கொடுத்த நான்கு கூற்றுகளாக இது சட்டமே ஆனது. உலகக் காரியங்களில் அரசன் போப்புக்குக் கட்டுப்பட்டவன் அல்ல, ஆயர்கள் எல்லோரும் கூடும் பொதுச்சங்கத்தின் அதிகாரம் போப்புக்கும் மேல், பிரெஞ்சுத் திருச்சபையின் பழைய வழக்கங்கள் செல்லும், நம்பிக்கை பற்றிய போப்பின் தீர்ப்பு திருச்சபையின் ஒப்புதல் இல்லாமல் மாற்றவியலாததாகாது. இந்த நான்கையும் ஏற்காமல் ரோம் சொல்வதே முடிவு என்றவர்களை, 'கண் மலைக்கு அந்தப் பக்கம் இருக்கிறது' என்ற தொனியில் அல்ட்ராமான்டேன் என்றார்கள். அதாவது ஆள் பாரிஸில், விசுவாசம் ரோமில். இங்கே சொல் ஆளின் ஊரைவிட்டு ஆளின் பற்றுக்குத் தாவிவிட்டது. வசவாகவும் ஆகிவிட்டது.

வசவு எப்படிப் பெருமைப் பெயர் ஆனது என்பதற்கு நடுவில் பிரெஞ்சுப் புரட்சி இருக்கிறது. புரட்சி அரசு சிறைப்பிடித்துக் கொண்டுவந்த ஆறாம் பத்திநாதர் 1799-இல் பிரான்சில் வலான்ஸ் நகரில் இறந்தார். அடுத்த போப் ஏழாம் பத்திநாதர் நெப்போலியனோடு 1801-இல் உடன்பாடு செய்துகொண்டார். அதன்படி பழைய ஆயர்கள் எல்லோரும் பதவி விலக வேண்டும் என்று போப் கேட்டார். பலர் மறுத்தார்கள், அவர்கள் இல்லாமலே புதிய அமைப்பு வந்தது. போப் ஒரு நாட்டின் ஆயர் பதவிகளை ஒரே வீச்சில் காலி செய்ய முடியும் என்பதை நெப்போலியன்தான் தன் வசதிக்காக உலகத்துக்குக் காட்டினார். போப்பின் அதிகாரத்துக்கு எல்லை கட்டிய நாடு, தானே அந்த எல்லையைப் பிடுங்கிப் போட்டது. பிறகு அதே நெப்போலியன் அதே போப்பைச் சிறைவைத்தார். பணிய மறுத்த கிழவராகப் போப் மக்கள் மனதில் உயர்ந்தார்.

அரசன் தலை போய், ஆயர்களின் சொத்தும் போய், கடைசியில் நின்றது ரோம் ஒன்றுதான் என்று பலருக்குத் தோன்றியது இயல்பு. 1819-இல் ஜோசப் தெ மெய்ஸ்த்ர் போப்பின் அதிகாரத்துக்காகவே ஒரு நூல் எழுதினார். அவர் பிறந்தது சவோய் நாட்டின் ஷாம்பேரி, ஆல்ப்சின் மடியிலேயே. எந்தப் பக்கம் என்று அவரைக் கேட்டிருக்க வேண்டும்! லாமனே என்ற குருவானவர் அரசிடமிருந்து திருச்சபைக்கு விடுதலை வேண்டும் என்பதற்காக ரோமின் பக்கம் நின்றார். பத்திரிகைச் சுதந்திரம், மனச்சான்றுச் சுதந்திரம் என்று அவர் மேலே பேசப்பேச, ரோமே 1832-இலும் 1834-இலும் அவர் கருத்துகளைக் கண்டித்துவிட்டது. ஆகவே அல்ட்ராமான்டேன் என்றால் பழமைவாதி என்று கண்ணை மூடிக்கொண்டு எழுதிவிடாதீர்கள். 1830 வாக்கில் அந்தப் பெயருக்குள் சுதந்திரவாதிகளும் இருந்தார்கள். நூற்றாண்டின் பின்பாதியில் 'லூனிவேர்' பத்திரிகையின் ஆசிரியர் லூயி வெயோவின் காலத்தில்தான் அது முழுக்க ஒரு பக்கம் சாய்ந்தது. உங்கள் இரண்டாம் அத்தியாயம் சொல்லும் பத்திரிகைகளில் முதலிடம் இதற்குத்தான். கிராமத்துப் பங்குக் குருக்கள் தங்கள் ஆயரைவிட இந்தப் பத்திரிகையை நம்பினார்கள். தலைக்கு மேலே இருக்கும் ஆயருக்கு எதிராக, தூரத்தில் இருக்கும் போப் அவர்களுக்குத் துணை.

இங்கிலாந்தில் இந்தக் கட்சிக்குக் கர்தினால் மேனிங் தலைவர் மாதிரி. அவருடைய கூட்டாளியான வார்ட் என்பவர், காலை உணவோடு டைம்ஸ் பத்திரிகையும் போப்பின் புது ஆணை ஒன்றும் தினமும் வந்தால் நன்றாயிருக்கும் என்று சொன்னதாகச் சொல்வார்கள். எதிர்ப்பக்கத்தில் கத்தோலிக்கரே ஆன ஆக்டன் பிரபு. 'அதிகாரம் கெடுக்கும்' என்று இன்று அரசியல்வாதிகளைப் பற்றி எல்லோரும் எடுத்துவிடும் அவருடைய வரி, போப்புகளின் வரலாற்றை எழுதிய ஒருவருக்கு 1887-இல் அவர் எழுதிய கடிதத்தில் உள்ளது.

1869 டிசம்பரில் முதல் வத்திக்கான் பொதுச்சங்கம் கூடியது. போப்பின் தவறா வரம், அதாவது நம்பிக்கை பற்றி அவர் அதிகாரபூர்வமாக வரையறுப்பது தவறாகாது என்ற கொள்கை, அதைப் பற்றிய ஓட்டு 1870 ஜூலை 18 அன்று. எதிர்த்தவர்களில் பலர், போப்பின் முகத்துக்கு நேரே 'இல்லை' என்று சொல்ல மனமில்லாமல் முன்கூட்டியே ஊருக்குக் கிளம்பிவிட்டார்கள். ஆதரவு 533, எதிர்ப்பு 2. வெளியே இடியும் மின்னலுமாக மழை. அந்த ஆவணத்தில் ஒரு தொடரைக் கவனியுங்கள்: போப்பின் வரையறைகள் தம்மளவிலேயே மாற்றவியலாதவை, 'திருச்சபையின் ஒப்புதலால் அல்ல'. 1682-இன் நான்காம் கூற்றில் இருந்த அதே ஒப்புதல்தான்! 188 ஆண்டுகள் கழித்துச் சொல்லுக்குச் சொல் பதில். உங்கள் அத்தியாயத்தில் இந்த இரண்டு ஆவணங்களும் வருவதால், 'ஒப்புதல்' என்ற ஒரே சொல்லை இரண்டு இடத்திலும் வையுங்கள். ஓரிடத்தில் 'இசைவு', ஓரிடத்தில் 'சம்மதம்' என்று மாற்றினால் அந்தப் பதிலடி காணாமல் போய்விடும்.

அப்புறம் ஜெர்மனி. 1871-இல் பிஸ்மார்க் அமைத்த பேரரசில் மூன்றில் ஒருவர் கத்தோலிக்கர். 1872-இல் இயேசு சபையினரை வெளியேற்றும் சட்டம், 1873-இல் குருக்களின் படிப்பையே அரசின் பிடிக்குள் கொண்டுவந்த பிரஷ்ய 'மே சட்டங்கள்'. அந்த ஆண்டுகளில் எதிரிகள் வாயில் அல்ட்ராமான்டேன் என்றால் ஏறக்குறைய தேசத்துரோகி. 1872-இல் பிஸ்மார்க் நாடாளுமன்றத்தில் 'நாங்கள் கனோசாவுக்குப் போகமாட்டோம்' என்றார். 1077-இல் ஜெர்மானிய மன்னர் நான்காம் ஹென்றி குளிர்காலத்தில் ஆல்ப்சைத் தாண்டிப் போய், கனோசா கோட்டை வாசலில் போப்பிடம் மன்னிப்புக் கேட்டு நின்ற கதை அது. மலை அங்கே இன்னும் நினைவாகவாவது இருந்தது.

கனடாவில் அதுவும் இல்லை. மான்ட்ரியலுக்கும் ரோமுக்கும் நடுவில் அட்லாண்டிக் பெருங்கடல் கிடக்கிறது. ஆனாலும் மான்ட்ரியல் ஆயர் பூர்ஜே அல்ட்ராமான்டேன்தான், அவர் பக்கத்தார் அதைக் கூச்சமின்றிச் சுமந்தார்கள். உங்கள் நூல் ஒரே வரியில் தாண்டிப்போகும் கிபோர் வழக்கைப் படித்துவிடுங்கள், சொல்லின் எடை தெரியும். ஜோசப் கிபோர் ஓர் அச்சுத் தொழிலாளி. தடைசெய்த புத்தகங்களை நூலகத்தில் வைத்திருந்ததற்காக ஆயர் கண்டித்த ஒரு மன்றத்தில் உறுப்பினர், விலக மறுத்தார். 1869 நவம்பரில் அவர் இறந்தபோது கத்தோலிக்கக் கல்லறையில் இடமில்லை என்றார்கள். மனைவி வழக்குப் போட்டார். உடல் புராட்டஸ்டன்ட் கல்லறையில் காத்திருந்தது. வழக்கு அன்றைய உச்ச மேல்முறையீட்டு மன்றமான லண்டன் பிரிவி கவுன்சில் வரை போய், 1874-இல் அடக்கம் செய்யத்தான் வேண்டும் என்று தீர்ப்பு வந்தது. மனைவி அதற்குள் இறந்துபோயிருந்தார். 1875 செப்டம்பரில் கூட்டம் கூடிச் சவ ஊர்வலத்தைத் திருப்பி அனுப்பியது. நவம்பரில் ராணுவக் காவலோடு புதைத்து, யாரும் தோண்டியெடுக்காதபடி சிமென்டும் இரும்புத் துண்டுகளும் கொட்டி மூடினார்கள். ஆயரோ அந்தத் துண்டு நிலத்துக்கு மட்டும் புனிதம் கிடையாது என்று அறிவித்துவிட்டார்.

இந்த இடத்தில் 'மலைக்கு அப்பால்' என்று எழுதினால் எனக்கு வந்த அஞ்சலட்டை உங்களுக்கும் வரும். 'நாட்டுச் சட்டத்துக்கும் மேலாக ரோமின் அதிகாரத்தை வைத்த ஆயர்' என்று விரித்து எழுதுங்கள். பிரான்ஸ் அத்தியாயத்தில் 'ரோம் சார்புப் பத்திரிகைகள்' போதும்; எதிரியின் வாய்ச்சொல்லாக வந்தால் 'ரோமின் அடிப்பொடிகள்' என்று காரம் சேர்க்கலாம். ஆளைக் குறிக்கும் சொல்லிலும் அதே கவனம் வேண்டும். கல்லிக்கனியர் எரிச்சலோடு பேசும் மேற்கோளில் 'திருத்தந்தை' பொருந்தாது, 'போப்' போடுங்கள். வெயோ பேசினால் திருத்தந்தைதான்.

தமிழ்ச் சொல் ஒன்றை நானே உருவாக்கலாமா என்று கேட்டிருந்தீர்கள். 'மலையப்பாலார்' அழகாகத்தான் இருக்கிறது. ஆனால் முதல் அத்தியாயத்துக்கு மட்டுமே பொருந்தும் சொல்லை மூன்றுக்கும் போட்டால், நீங்கள் முதலில் செய்த தவறையே திருப்பிப்போட்டுச் செய்ததாகும். ஒரே சொல் என்று தெரியவும் வேண்டும், பொருள் மாறவும் வேண்டும் என்பதால் ஒவ்வொரு அத்தியாயத்திலும் முதல் முறை 'அல்ட்ராமான்டேன்' என்று ஒலிபெயர்த்து, அங்கங்கே அந்தந்த விளக்கத்தைத் தாருங்கள். சொல்லடைவில் மூன்று பக்க எண்களும் ஒரே தலைப்பின்கீழ் வரட்டும்.

நம் ஊரில் 19-ஆம் நூற்றாண்டில் கோவாவின் பேராயருக்குக் கட்டுப்படுவதா, ரோம் அனுப்பிய குருக்களுக்குக் கட்டுப்படுவதா என்று பங்குகள் இரண்டுபட்டதே, அங்கும் இந்தச் சொல்லைப் பயன்படுத்தலாமா என்பது உங்கள் கடைசிக் கேள்வி. வேண்டாம். 1838-இல் போப் பதினாறாம் கிரகோரி மயிலாப்பூர், கொச்சி முதலிய இடங்களில் போர்ச்சுக்கல் அரசரின் ஞானாதிக்க உரிமையை (ஆயர் பதவிகளுக்கு ஆள் முன்மொழியும் உரிமையை) நிறுத்தியதில் வெடித்த சண்டை அது. 1886 உடன்பாட்டில்தான் பெரும்பாலும் அடங்கியது. ரோமா, அரசரா என்ற கேள்வி ஒன்றேதான், ஒப்பிட்டு ஒரு குறிப்பு எழுதலாம். ஆனால் அந்தச் சண்டைக்குப் 'பதுரவாதோ' (போர்ச்சுக்கல் பக்கம்), 'புரோபகாந்தா' (ரோம் பக்கம்) என்று அதற்கே உரிய பெயர்கள் நம் திருச்சபை நூல்களில் இருக்கின்றன. ஆல்ப்சைக் கொண்டுவந்து மயிலாப்பூரில் வைக்க வேண்டியதில்லை.

ஒன்று விட்டுப்போயிற்று. பத்திரிகையாசிரியர் பெயரை 'வியூல்லட்' என்று எழுதியிருக்கிறீர்கள். பிரெஞ்சில் அது 'வெயோ'. பூர்ஜேயையும் 'பூர்கெட்' ஆக்கியிருக்கிறீர்கள், பார்த்துக்கொள்ளுங்கள்.